பதினெட்டாவது சாவு

இயக்குநர் அர்வீட்ஸ் திரையில் பதினேழு முறை செத்திருந்தார். பதினேழு முறையும் ஜெர்மன் அதிகாரியாகத்தான். அது சோவியத் காலம்; மாஸ்கோகாரர்களுக்குப் படத்தில் ஒரு ஜெர்மன்காரன் வேண்டுமென்றால் எங்கள் லாட்வியாவுக்குத்தான் ஆள் அனுப்புவார்கள். அர்வீட்ஸுக்கு நீண்ட முகம், வெளிறிய கண், ராணுவத் தொப்பி கச்சிதமாக உட்காரும் மண்டை. அவரைச் சுட்டார்கள், தூக்கில் போட்டார்கள், ஒருமுறை பாலத்தோடு சேர்த்துத் தகர்த்தார்கள். தலைநகர் ரீகாவில் ஒரு பல் மருத்துவர், "எங்க அண்ணனக் கொன்னது நீங்கதானே?" என்று கேட்டுவிட்டு, மரத்துப்போக ஊசி போடாமலே பல்லைப் பிடுங்கினார். அர்வீட்ஸ் அதைப் பாராட்டாக எடுத்துக்கொண்டார்.

இத்தனை சாவுக்கும் பரிசாக ஸ்டூடியோ அவருக்குச் சொந்தமாக இயக்க ஒரு படம் கொடுத்தது. தன் அப்பா இந்திரிகிஸின் கதையையே எடுத்தார். போரின்போது, ஜெர்மன் முகாமிலிருந்து தப்பிய ஒன்பது ரஷ்யச் சிப்பாய்களை வலைகளுக்கு அடியில் ஒளித்துக் காப்பாற்றிய மீனவர் அவர். அப்பா வேடத்தில் அர்வீட்ஸே நடித்தார். அந்த நடை வேறு யாருக்கு வரும்?

தணிக்கைக்கு மாஸ்கோவிலிருந்து போர்ஃபிரி லூகிச் வந்தார். பத்து நிமிடம் பார்த்தார்.

"இவன் எப்பத் துப்பாக்கிய எடுப்பான்?"

"எடுக்கமாட்டார் தோழர். அவர் மீனவர்."

"யார்கிட்ட கத விடறீங்க? போன வருஷம் இவன் ஒரு பள்ளிக்கூடத்தையே கொளுத்தினான். என் பெண்டாட்டி ரெண்டு நாள் அழுதா."

"அது நடிப்பு தோழர். அது நான்தான்."

"அதத்தான் நானும் சொல்றேன். நீங்கதான்!"

கடைசியில் லூகிச் கருணை காட்டினார். மீனவன் வேஷத்தில் இருக்கும் ஜெர்மன் ஒற்றன் என்று மாற்றிவிட்டால் போதும். சிப்பாய்களின் பெயர்களை ரகசியமாக எழுதி வைக்கிறான், பிடிபடுகிறான். மாட்டேன் என்றால் படம் அலமாரிக்குப் போகும். அலமாரிக்குப் போன படம் திரும்பி வந்ததாக யாரும் கேள்விப்பட்டதில்லை.

அர்வீட்ஸ் ஒரு சிகரெட் தீரும்வரை யோசித்தார். சின்ன சிகரெட்.

மீனவனின் மனைவியாக நடித்த வெல்டா கையில் துப்பாக்கியைக் கொடுத்தார்கள்.

"யாரச் சுடறேன் நான்? உங்களையா, உங்கப்பாவையா?"

"ரெண்டு பேரும் ஒரே சட்டைக்குள்ளதான் இருக்கோம். சுடும்மா, வெளிச்சம் போகுது."

பதினெட்டு சாவுகளில் அதுதான் உயர்தரம் என்று எல்லோரும் சொன்னார்கள். ஒரு கோடிப் பேர் பார்த்தார்கள். அர்வீட்ஸுக்குப் பட்டம் கிடைத்தது.

அப்பாவின் ஊர் மீனவர் கூட்டுறவு மன்றத்தில் திரையிட்டபோது இந்திரிகிஸ் இஸ்திரி போட்ட சட்டையோடு முதல் வரிசையில் இருந்தார். ஒற்றன் சுருண்டு விழுந்ததும் மன்றமே எழுந்து கைதட்டியது. "முப்பது வருஷமா எங்கள ஏமாத்திட்டியேய்யா!" என்று பக்கத்து வீட்டு ஔகுஸ்ட்ஸ் அவர் முதுகில் தட்டினான். பாதி விளையாட்டு. மீதிப் பாதி அடுத்த வாரம் வந்தது. எல்லைக் காவலர்கள் கிழவர் கடலுக்குப் போவதற்கான அனுமதிச் சீட்டை வாங்கிக்கொண்டார்கள். ஒன்பது சிப்பாய்களில் உயிரோடிருந்த ஒரே ஒருவர் ரஷ்யாவின் தம்போவிலிருந்து கடிதம் போட்டார்: "எனக்கு அப்போதே சந்தேகம்தான். காரணமில்லாமல் யார் அவ்வளவு மீன் கொடுப்பார்கள்?"

அர்வீட்ஸ் ஓடி வந்தார். அப்பா சமையலறையில் அந்தக் கடிதத்தோடு உட்கார்ந்திருந்தார்.

"டேய், அந்த ஒம்பது பேரு பேரையும் நான் எழுதி எங்கடா வச்சேன்? ராத்திரியெல்லாம் யோசிக்கறேன், ஞாபகம் வரமாட்டேங்குது."

இயக்குநர் அல்லவா, வாய் முந்திக்கொண்டது.

"அடுப்புக்குப் பின்னாடிப்பா. மூணாவது செங்கல்."

கிழவர் எழுந்துபோய், செங்கல்லைத் தட்டிப் பார்த்தார்.