வைப்பர் தாளம்

“ஆர்மோனியத்தக் கடைசியா இறக்கு பெட்டி, இல்லன்னா அப்பா கத்துவாரு” என்று சொல்லி வாயை மூடுவதற்குள் மகளுக்கு உறைத்தது. கத்த வேண்டியவர் உள்ளே கூடத்தில் படுத்திருக்கிறார். இனி யார் எதை எந்த வரிசையில் இறக்கினாலும் அவர் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டப்போவதில்லை.

வேனுக்குள் குனிந்து நின்றவன் அவர் சொல்லிவைத்த வரிசைப்படியே இறக்கினான். முதலில் டிரங்குப் பெட்டி, அடுத்து பிடில், அப்புறம் தண்ணீர்க் குடங்கள், கடைசியாக ஆர்மோனியம். தோல்வாத்தியத்துக்குப் பதிலாக டிரங்குப் பெட்டியைத் தட்டுகிறவன் என்பதால் அவனுக்குப் பெட்டி என்று பெயர். பெற்ற தாயே இப்போது அப்படித்தான் கூப்பிடுகிறாள். கீழே நின்று ஒவ்வொன்றாக வாங்கிச் சுவரோரம் வைத்தவன் நெட்டை, பிடில்காரன். இத்தனை வருஷமாக இந்த வேனில் போய்வருகிறான், ஒரு நாள்கூட நிமிர்ந்து உட்கார்ந்தது கிடையாது.

வேனைக் காலி செய்வது அப்பாவை ஏற்றுவதற்காக. அதற்கென்று இருக்கிற வண்டியை வரவழைக்கலாமே என்று பக்கத்து வீட்டுக்காரர் சொல்லிப்பார்த்தார். மகள் ஒரேயடியாக மறுத்துவிட்டாள். அடுத்தவர் ஓட்டுகிற வண்டியில் உட்கார்ந்தால், தன் காலடியில் இல்லாத பிரேக்கை வழி முழுக்க மிதித்துக்கொண்டே வருகிற மனுஷன் அவர். தெரியாத டிரைவர் கையில் ஒப்படைத்தால் பாதி வழியில் எழுந்து உட்கார்ந்துவிடுவார் என்றாள். அழுதுகொண்டிருந்தவர்கள்கூட அதற்குச் சிரித்துவிட்டார்கள். அப்பாவைத் தவிர அந்த ஸ்டியரிங்கைத் தொட அனுமதி பெற்றிருந்த ஒரே ஆள் வேன் மெக்கானிக்தான். நேற்று வேனை வீடு கொண்டுவந்து சேர்த்ததும் அவர்தான், இன்றைக்கும் அவருக்கே சொல்லியனுப்பியிருந்தது.

கிளம்புவதற்கு முன்னால் ஒரு பாட்டுப் பாடிவிடலாமா என்று நெட்டைதான் மெல்லக் கேட்டான். சிக்கல் அங்கே ஆரம்பித்தது.

அத்தை, அப்பாவுக்கு மூத்தவள், தம்பியின் தலைமாட்டை விட்டு நகராமல் உட்கார்ந்திருந்தாள். நிமிர்ந்து பார்த்தாள்.

“வேணாம்மா. கோவத்துல சொல்லல. அவனுக்குப் பிடிக்காதத அவன் தலைமாட்டுல எதுக்குப் பாடணும்? உங்க கச்சேரிய ஒரு நாளாவது உள்ள வந்து உக்காந்து கேட்டிருக்கானா? வண்டியிலயே தூங்குவான். ‘அக்கா, ஒரே இரைச்சல்’னு எங்கிட்டயே சொல்லியிருக்கான்.”

மகள் வாசலுக்கு நடந்தாள். அத்தை பொய் சொல்லவில்லை என்பதுதான் சங்கடம். அப்பா அவர்களுக்கு எல்லாமும் செய்தார். ஆனால் அந்தப் பாட்டு அவருக்குப் பிடித்ததா என்று இத்தனை காலத்தில் அவள் கேட்டதில்லை, அவரும் சொன்னதில்லை. அவருக்கு விருப்பமில்லாத ஒன்றைக் கடைசி நாளில் அவர் காதில் திணிப்பதா? பாடாமல் அனுப்பினால் தனக்குத் தொண்டை எதற்கு? வாசலில் வந்து நின்றவளுக்கு எந்தப் பக்கம் காலெடுத்து வைப்பதென்றே தெரியவில்லை.

அவர்கள் குழுவுக்கு ஈரக்குடை என்று பெயர். கல்லூரி கேன்டீனில் மேஜையைத் தட்டி ஆரம்பித்தது. முதல் கச்சேரி ஒரு கல்யாணத்தில். மூன்றாவது பாட்டின்போது மைக்கை அணைத்துவிட்டு, “சாப்பாடு ஆறிப்போகுது, சாப்பிட்டுக் கிளம்புங்க” என்றார்கள். அவர்களுடைய பாட்டு அப்படி. கடையில் தள்ளுபடியில் வாங்கிய ஆர்மோனியத்தில் ஒரு கட்டை அழுந்தியபடியே நின்றுபோயிருந்தது. துருத்தியை அசைத்தால் போதும், அந்த ஒரு சுரம் ஊளையிடும். அதைச் சரிசெய்யாமல் எல்லாப் பாட்டுக்கும் அடியில் ஓடவிட்டார்கள். குடத்திலிருந்து குடத்துக்குத் தண்ணீர் ஊற்றினார்கள், சங்கிலியைத் தரையில் இழுத்தார்கள். அதற்கு மேலே மகள், பக்கத்து அறையில் இருப்பவரோடு பேசுவதுபோலப் பாடுவாள். சிலர் எழுந்து போனார்கள். இருந்தவர்கள் அடுத்த கச்சேரிக்கு இன்னும் நாலு பேரைக் கூட்டிக்கொண்டு வந்தார்கள்.

வாடகை வேன்காரர் ஒருமுறை நடுவழியில் அம்போவென்று விட்டுவிட்டுப் போனபோதுதான் அப்பா குழுவுக்குள் வந்தார். பஸ் டிரைவராக இருந்து அப்போதுதான் ஓய்வு பெற்றிருந்தார். வீட்டில் இருக்க இருப்புக்கொள்ளவில்லை. ஒரு பழைய வேனைத் தேடிப்பிடித்துக் கொண்டுவந்து, “ஏறுங்க” என்றார். அதன்பிறகு ஈரக்குடை எங்கே போனாலும் அவர்தான். மேடைக்குப் பின்சுவரை ஒட்டி வேனை நிறுத்துவார். சாமான் இறக்க வசதியாம். கச்சேரி முடிந்து இவர்கள் வந்தால் கையெல்லாம் கொசுக்கடியோடு கண்ணை மூடிச் சாய்ந்திருப்பார். “என்ன, ஆரம்பிச்சாச்சா? இன்னும் சுருதிதான் சேத்துக்கிட்டு இருக்கீங்களா?” என்பார். ஒவ்வொரு ஊரிலும் இதே கேள்வி. இவர்களும் ஒவ்வொரு ஊரிலும் சிரித்தார்கள்.

ஒருமுறை ஒரு மலைப்பாதையில் மழை பிடித்துக்கொண்டது. வேனின் வைப்பரில் ஏதோ கோளாறு. வலது கை ஒழுங்காகப் போய் வரும். இடது கை பாதி வழியில் ஒரு கணம் தயங்கி, தடுக்கி விழுகிறாற்போல வந்து சேரும். டக், டக், ம்... டடக். உள்ளே ஒவ்வொருவராகப் பேச்சை நிறுத்தினார்கள். பெட்டியின் விரல்கள் மடியிலிருந்த டிரங்குப் பெட்டியில் அந்தத் தடுக்கலைத் தட்டத் தொடங்கின. நெட்டை பிடிலை எடுத்தான். மகள் வாயைத் திறந்தாள். அந்த ஒரு கண இழுப்பில் மூச்சு வாங்கினால் அடுத்த அடிக்குச் சரியாக வந்து விழ முடிகிறது என்று கண்டுபிடித்தாள். மலை ஏறி இறங்குவதற்குள் பாட்டு முடிந்திருந்தது. அதுதான் அவர்களைத் தூக்கிவிட்ட பாட்டு. ரேடியோவில் வந்தது. பத்திரிகையில் ஒருவர் இந்தத் தாளம் நாற்று நடுகிறவர்களின் பழைய பாட்டிலிருந்து வந்தது என்று பக்கம் பக்கமாக எழுதினார். வைப்பரிலிருந்து வந்தது என்று சொல்லி அந்த நல்ல மனிதரின் மனதை நோகடிக்க யாருக்கும் மனம் வரவில்லை.

இரண்டாவது ஆல்பத்தை வேனுக்குள்ளேயே உட்கார்ந்து பதிவு செய்தார்கள். அன்று பார்த்துச் சொட்டு மழை இல்லை. அப்பா மழைக்கோட்டை மாட்டிக்கொண்டு, தோட்டத்துக் குழாயைப் பிடித்து மத்தியானம் முழுக்கக் கண்ணாடியில் தண்ணீர் அடித்தார். “செடிக்கு ஊத்தினாலாவது பூக்கும்” என்று முணுமுணுத்தார். உள்ளேயிருந்து கையசைத்தால் நிறுத்துவார், மறுபடி அசைத்தால் அடிப்பார். நனைந்து தொப்பலாகி நின்றவர் கடைசியில் கேட்டதும் அதே கேள்விதான்.

நேற்று விடிந்ததும் கச்சேரி ஊரிலிருந்து கிளம்பினார்கள். பின்னால் எல்லோரும் தூங்கிவிட்டார்கள். மகள் கண் விழித்தபோது முகத்தில் சுள்ளென்று வெயில். வண்டி சாலையைவிட்டு நன்றாக உள்ளே தள்ளி, ஒரு மரத்தடியில் நின்றிருந்தது. இன்ஜின் அணைந்திருந்தது. கை பிரேக் இழுத்துப் போட்டிருந்தது. இரண்டு பக்க விளக்குகளும் மினுக்கிக்கொண்டிருந்தன. அப்பா ஸ்டியரிங்கில் கையை வைத்துச் சாய்ந்திருந்தார். தூங்குகிறார் என்றே நினைத்து, எழுப்ப மனமில்லாமல் கொஞ்ச நேரம் சும்மா இருந்தாள். மார்பில் வலி வந்த பிறகும் சமாளித்து ஓரங்கட்டியிருக்கிறார் என்று டாக்டர் பின்னால் சொன்னார். தூங்கிக்கொண்டிருந்த அத்தனை உயிரையும் பத்திரமாக ஓரம் கொண்டுவந்து நிறுத்திவிட்டு, சத்தமில்லாமல் போயிருக்கிறார்.

நேற்றிலிருந்து மகள் சுமந்துகொண்டிருந்தது அழுகை மட்டுமல்ல. அதைவிடப் பெரிதாக ஒரு நன்றி. அதை எங்கே கொண்டுபோய் இறக்கிவைப்பது என்று தெரியாமல்தான் அவள் அலைந்துகொண்டிருந்தாள்.

மெக்கானிக் வந்தார். கை நகங்களில் கறுப்பு போகவில்லை, சட்டை மட்டும் துவைத்துத் தேய்த்தது. உள்ளே போய்ப் பார்த்துவிட்டு, கண்ணைத் துடைத்துக்கொண்டு வேனிடம் வந்தார். டயரைத் தட்டினார், சாவியைப் போட்டு இன்ஜினைக் கேட்டார். பிறகு முன்கண்ணாடியிடம் போய்க் குனிந்தார்.

“பாப்பா, இந்த வைப்பர்ல யாரும் கை வைக்கலியே?”

“இல்லண்ணே. ஏன்?”

“வெச்சிராதீங்க. அண்ணன் வந்து என்னத் தொலைச்சிருவாரு.” சொல்லிவிட்டு அவரே உதட்டைக் கடித்துக்கொண்டார்.

“பழைய வைப்பர்தானே அண்ணே, அதுல என்ன?”

“பழசா? அது எப்பவோ போயிடுச்சு. இது மூணாவது.”

மகளுக்குப் புரியவில்லை. “ஆனா அதே மாதிரிதானே இழுக்குது?”

“தானா இழுக்குமா? இழுக்க வெச்சது.” மெக்கானிக் வேனின் படியில் உட்கார்ந்தார். “முதல் தடவ உடைஞ்சதும் புதுசு போட்டேன். வெண்ணெயில கத்தி போற மாதிரி ரெண்டு கையும் ஒண்ணா போகுது. எனக்கு ஒரே பெருமை. அண்ணன் பாத்தாரு, மூஞ்சி தொங்கிப்போச்சு. ‘இது வேணாம்டா, இதக் கெடுத்துக் குடு’ங்கறாரு. என் சர்வீஸ்ல புதுச வாங்கிட்டு வந்து கெடுத்துத் தரச் சொன்ன ஒரே ஆளு அவருதான்.”

வாசலில் பேச்சுக்குரல் கேட்டு அத்தை எழுந்து வந்து நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

“கம்பி சேர்ற எடத்துல அரம் போட்டுத் தேய்க்கச் சொன்னாரு. தேய்ச்சேன். போனுல உங்க பாட்டப் போட்டாரு. அந்தப் பக்கம் பாட்டு ஓடுது, இந்தப் பக்கம் வைப்பர் ஓடுது. ‘பத்தல, இன்னும் கொஞ்சம் இழுக்கணும்.’ மறுபடியும் தேய்க்கிறேன். மறுபடியும் பாட்டு. கடைய சாத்தற வரைக்கும் இதே வேல. கடுப்பாகி, ‘இவ்ளோ நுணுக்கமா எதுக்குண்ணே, மழைத்தண்ணிய வழிச்சா பத்தாதா’ன்னேன்.”

“என்ன சொன்னாரு?”

“‘அந்த எடத்துலதான்டா என் பொண்ணு மூச்சு வாங்குவா. அது நிக்கலன்னா புள்ளைக்கு மூச்சு முட்டும்’னாரு.”

பெட்டி குடங்களை நகர்த்துவதுபோல முகத்தைத் திருப்பிக்கொண்டான். மகளுக்கு என்னவோ அந்த நேரத்தில் கொசுக்கடிதான் ஞாபகம் வந்தது. மேடையின் பின்சுவர். எப்போதும் முழுக்க இறக்கிவிட்ட ஜன்னல். தூங்குகிற மனுஷன் கொசு பிய்த்துத் தின்கிற இடத்தில் ஜன்னலை எதற்கு இறக்கிவைப்பார்? இத்தனை வருஷம் தான் பாடும்போது வாங்கிய ஒவ்வொரு மூச்சையும் சுவருக்கு அந்தப் பக்கம் ஒருவர் எண்ணிக்கொண்டு உட்கார்ந்திருந்தார் என்று நினைத்தபோது, அவளுக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன. எப்பேர்ப்பட்ட கொடுப்பினை இது என்று தோன்றியது. ஊரில் எத்தனை பேருக்கு இப்படி ஒருவர் வாய்க்கிறார்?

அத்தைதான் முதலில் வாயைத் திறந்தாள்.

“திருட்டுப்பய. எங்கிட்ட மட்டும் இரைச்சல்னு சொல்லியிருக்கான்.” மூக்கை உறிஞ்சினாள். “அது என்ன பாட்டு? எனக்குத் தெரியாதே.”

மெக்கானிக் கூச்சத்தோடு இரண்டு வரி பாடிக்காட்டினார். சுருதி ஒரு பக்கம், அவர் ஒரு பக்கம். தாளம் மட்டும் அச்சு அசல்.

“இவனே பாடுறான், நீ ஏம்மா நிக்கற?” என்றாள் அத்தை.

“வண்டியில பாடறோம் அத்தை.”

நாலு பேர் சேர்ந்து அப்பாவைத் தூக்கிவந்து வேனின் நீளவாட்டில் கிடத்தினார்கள். அத்தை தலைமாட்டில் ஏறிக்கொண்டாள். பெட்டி காலடியில் உட்கார்ந்து டிரங்குப் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டான். நெட்டை வழக்கம்போல முதுகை வளைத்து ஒரு மூலையில் ஒடுங்கினான், மறுபடி ஏற்றிய ஆர்மோனியம் அவன் காலில் இடித்தது. மகள் முன்னால் ஏறினாள். மற்றவர்கள் பின்னால் வேறு வண்டிகளில் வந்தார்கள். மெக்கானிக் கிளட்சை விட்ட பதத்தில் வேன் குலுங்காமல் நகர்ந்தது. அப்பா குறை சொல்லியிருக்க மாட்டார்.

வெளியே பளீரென்று வெயில். வானத்தில் பஞ்சுத் துணுக்கு அளவுக்குக்கூட மேகம் இல்லை. பெரிய தெருவுக்குத் திரும்பியதும் மகள் கையை நீட்டி வைப்பரைப் போட்டாள்.

மெக்கானிக் ஒரு பார்வை பார்த்தார். காய்ந்த கண்ணாடியில் ரப்பர் கிறீச்சிட்டது. நேற்றைய சாலைப் புழுதியை வழித்துக்கொண்டு வலது கை போய் வந்தது. இடது கை பாதியில் தயங்கி, தடுக்கி, வந்து சேர்ந்தது. டக், டக், ம்... டடக். பின்னாலிருந்து விரல்கள் சேர்ந்துகொண்டன. நெட்டை துருத்தியை அசைக்க, ஆர்மோனியத்தின் அந்த ஒற்றைச் சுரம் எழுந்து ஊளையிட்டது. மகள் காத்திருந்தாள். எங்கே தொடங்குவதென்று தெரியாமல் அல்ல. கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருக்க வேண்டும்போல இருந்தது, அவ்வளவுதான்.

“என்ன, ஆரம்பிச்சாச்சா?” என்றாள் அத்தை பின்னாலிருந்து. கேலியில்லை, அவளுக்கு உண்மையாகவே தெரியவில்லை.

“ஆரம்பிச்சாச்சு அத்தை.”

வைப்பரின் இடது கை தயங்கியது. அந்த இடத்தில் அவள் மூச்சை வாங்கிக்கொண்டு பாடினாள்.

சிக்னலில் வேன் நின்றது. பக்கத்துப் பஸ் நிறுத்தத்தில் குடையை மடித்துக் கையில் வைத்திருந்த ஒருவர் வேனின் கண்ணாடியைப் பார்த்தார். பிறகு நிழலிலிருந்து ஓரடி வெளியே வந்து, உள்ளங்கையை நீட்டி, வானத்தை அண்ணாந்து பார்த்தார்.