மழைக்கு மேல்விலாசம்

செட்டியார்பட்டி சபையில் நான் ஏழு வருஷம் உபதேசியாராக இருந்தேன். உபதேசியாரின் ஜெபத்துக்குத் திருத்தம் சொல்லலாம் என்று அங்கே முதலில் கண்டுபிடித்தவள் பரிபூரணம்.

1947 கோடையில் பாபநாசம் அணை வற்றிவிட்டது. மலையிலிருந்து குழாயில் இறங்கும் தண்ணீர் சக்கரத்தைச் சுழற்றினால்தான் கரண்டு. கரண்டு வந்தால்தான் ராஜபாளையத்தில் மில் ஓடும். மில்லை மூடினார்கள். அங்கே மேஸ்திரியாக இருந்த ஐயாதுரை, அதாவது பரிபூரணத்தின் புருஷன், மூன்று வாரமாக வீட்டோடு இருந்தார்.

வேலையில்லாத மேஸ்திரியை வீட்டில் வைத்திருப்பது லேசுப்பட்ட காரியமா? கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு அடுப்படியில் நிற்பார். வெங்காயத் தோலை அள்ளிப் பார்த்து, "வேஸ்ட் ஜாஸ்தி" என்பார். கோழிகளின் காலில் நம்பர் தகடு கட்டினார். முட்டையிடாத கோழிக்கு மெமோ கொடுக்காததுதான் பாக்கி.

ஒரு சனிக்கிழமை பரிபூரணம் என் வீட்டு வாசலில் வந்து நின்றாள்.

"ஐயா, நாளைக்கு மழைக்கு ஜெபம் பண்ணுங்க. இந்த மனுசன் இன்னும் ரெண்டு வாரத்துக்கு மேல வீட்டுல இருந்தாருன்னா நான் புதுப்பட்டிக்கு எங்க அம்மா வீட்டுக்குப் போயிருவேன். பொட்டியக் கட்டியாச்சு. திரும்பி வரமாட்டேன்."

"பண்ணுறேம்மா."

"ஆனா இங்க பெய்யக் கூடாது. கோயில் முத்தத்துல அம்புட்டு வத்தலையும் காயப் போட்டிருக்கேன். பாபநாசத்துல மட்டும் பெய்யட்டும்."

கர்த்தருக்கு இடம் குறித்துக் கொடுப்பது மரியாதையில்லை என்றேன்.

"போன வருசம் இடம் சொல்லாம பொதுவாத்தான கேட்டீய? எங்க பெஞ்சுச்சு? சாத்தூர்ல பெஞ்சுச்சு."

எனக்குச் சுருக்கென்றது. சாத்தூரில் பெய்தது உண்மைதான்.

மறுநாள் ஆராதனையில், "பாபநாசம் மலையில் மழையைத் தாரும்" என்று ஆரம்பித்தேன். பின்னாலிருந்து ஐயாதுரை செருமினார்.

"ஐயா, அணைக்குக் கீழ பெஞ்சா பிரயோசனமில்ல. மேல பெய்யணும்."

கண்ணை மூடியபடியே அதையும் சேர்த்துக்கொண்டேன்.

"ரொம்ப மேக்க தள்ளிப் பெஞ்சா திருவிதாங்கூருக்குப் போயிரும்" என்றார் தபால்காரர் வில்சன். அதையும் சேர்த்தேன்.

"ஒரேயடியா கொட்டுனா வழிஞ்சு வீணாப்போகும், நிதானமா..." என்று ஐயாதுரை மறுபடி தொடங்கியபோது எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"கர்த்தாவே, மற்ற விவரங்களை மேஸ்திரியிடம் கேட்டுக்கொள்ளும், ஆமென்" என்று முடித்துவிட்டேன்.

வியாழக்கிழமை பாபநாசம் மலையில் மழை பிடித்துக்கொண்டது. செட்டியார்பட்டியில் ஒரு சொட்டு இல்லை. வத்தல் கலகலவென்று காய்ந்தது. ஜூன் பிறந்தால் அந்த மலையில் மழை பெய்வது வழக்கந்தான், ஆனால் நான் சொன்னால் யார் கேட்கிறார்கள்? அடுத்த வாரக் கடைசியில் மில் சங்கு ஊதியது. பரிபூரணம் எனக்கு ஒரு படி வத்தல் கொண்டுவந்து கொடுத்தாள். இரண்டு நாள் நானும் கொஞ்சம் நெஞ்சை நிமிர்த்தித்தான் நடந்தேன்.

மூன்றாம் நாள் தலையில் தகரப் பெட்டியோடு வந்து நின்றாள்.

"என்னம்மா, மில்லுதான் ஓடுதே?"

"ஓடுது. இவருக்கு ராத்திரி ஷிப்டு. பகல் பூரா வீட்டுலதான் கெடந்து தூங்குதாரு. அம்மி அரைக்கப்படாது, கதவச் சாத்தப்படாது, காக்கா கத்துனாக்கூட என்னையத்தான் ஏசுதாரு. இடத்தச் சொன்னீய, ஷிப்டச் சொன்னீயளா?"

தவறு என்னுடையதுதான் என்று எனக்கே தோன்றிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை வரை பொறுக்கும்படி கெஞ்சினேன். பெட்டியை என் வீட்டில் இறக்கி வைத்துவிட்டுப் போனாள்.

ஞாயிறன்று எழுந்து நின்று, "கர்த்தாவே, பகல் ஷிப்டு" என்றேன். எனக்கு வெட்கமாகத்தான் இருந்தது. ஆனால் சபை முழுவதும் சத்தமாக ஆமென் சொன்னது. திருத்தம் சொல்ல ஆளில்லை. ஐயாதுரை கடைசி வரிசையில் வாயைப் பிளந்தபடி தூங்கிக்கொண்டிருந்தார். பரிபூரணம் திரும்பி அவரை ஒருதரம் பார்த்தாள். பிறகு, அவர் விழித்துவிடாதபடி, ரொம்ப மெதுவாக ஆமென் சொன்னாள்.