சோதித்த மண்

போர் நினைவுத்தூணுக்கு மாலை வைக்க வரும் வெளிநாட்டு விருந்தாளிகளுக்குக் கல்லடுப்பில் பன்றி சுட்டுத் தரவேண்டும் என்று ஊர்த்தலைவர் வுரியா சொன்னதும், கிழங்கு நறுக்கிக்கொண்டிருந்த மார்டினா கத்தியைக் கீழே வைத்துவிட்டாள்.

போன ஈஸ்டருக்கு அவள் வீட்டு முற்றத்தில்தான் அடுப்பு மூட்டினார்கள். விறகு பற்றி, அடுக்கிய கற்கள் சிவக்கிற நேரத்தில், மண்ணுக்கடியில் கிடந்த பழைய குண்டு வெடித்தது. கணவன் டொமினிகோ அங்கேயே போய்விட்டான். மகள் ரோசெலுக்கு ஒரு கண் போயிற்று. இரண்டாம் உலகப்போரில் அமெரிக்கனும் ஜப்பான்காரனும் எங்கிருந்தோ வந்து இந்தக் குவாடல்கனால் தீவில் அடித்துக்கொண்டார்கள். பிழைத்தவர்கள் ஊர் திரும்பி, பேரன் பேத்தி எடுத்து, வயதாகிச் செத்தும் போனார்கள். போட்ட குண்டைப் பொறுக்கிக்கொண்டு போக மட்டும் ஒருவனுக்கும் மனம் வரவில்லை.

முற்றத்தைச் சோதித்துத் தாருங்கள் என்று அவள் நகரத்து அதிகாரிகளிடம் நடையாய் நடந்தாள். அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றார்கள். நினைவுத்தூண் நிற்கும் குன்றுக்கு மட்டும் விழாவுக்கு முன்பே ஆட்கள் குண்டு தேடும் கருவியோடு வந்து, அங்குலம் அங்குலமாகத் தடவிப் பார்த்துவிட்டுப் போனார்கள். விருந்தாளியின் பூட்ஸ் காலுக்கு இருக்கிற மதிப்பு இந்த ஊர்க் குழந்தையின் கண்ணுக்கு இல்லை.

சமைக்கிறேன் என்று மார்டினா ஒப்புக்கொண்டாள். எங்கே என்று சொல்லவில்லை.

விழா நாள் விடிந்ததும் பெண்களைக் கூட்டிக்கொண்டு, கல்லும் விறகும் சுமந்து குன்றேறினாள். தூணுக்கு நேர் முன்னால், அழகாக வெட்டிவிட்டிருந்த புல்லைச் செதுக்கி எறிந்துவிட்டு அடுப்பு மூட்டினார்கள். புகையைப் பார்த்து வுரியா மூச்சிரைக்க ஓடிவந்தார்.

"என்ன காரியம் பண்ற மார்டினா? கார் எல்லாம் கிளம்பிருச்சாம். அணைச்சுத் தொலை. செத்தவங்களுக்கு மரியாதை பண்ற இடம் இது."

"எங்க வீட்லயும்தான் ஒருத்தர் செத்தாரு. அங்க யாரு மாலை வச்சா?" அவள் நிமிரவேயில்லை. "நம்ம ஊர்ல சோதிச்ச மண்ணு இது ஒண்ணுதான் தலைவரே. வேணாம்னா சொல்லுங்க, உங்க வீட்டு முற்றத்துல மூட்டிக்கிறேன்."

வுரியாவின் முற்றத்தில் அந்நேரம் அவர் பேத்தி விளையாடிக்கொண்டிருந்தாள். அவர் குனிந்து ஒரு விறகை எடுத்து அடுப்பில் சொருகினார்.

கீழே கார்கள் வந்து நின்றன. மாலைகளோடு மேலே ஏறியவர்கள் புகையில் முகம் சுளித்தார்கள். ஈஸ்டருக்குப் பிறகு நெருப்புப் பக்கமே போகாத ரோசெல், அம்மாவின் பாவாடையைப் பிடித்தபடி மெல்ல அடுப்பருகே வந்தாள்.

"இங்க வெடிக்காதாம்மா?"

"வெடிக்காதுடி. இது அவங்க நிக்கிற இடம்."