ஹெர்பர்ட்டின் சாவுச் சேதி

பதினோரு வருஷமாக ஸிரில் ஹாலம் தொலைக்காட்சியில் இறைச்சி வெட்டிக்கொண்டிருந்தார். 'டானர் தெரு' தொடரின் கசாப்புக்கடைக்காரர் ஹெர்பர்ட் அவர்தான். நிஜத்தில் ஆட்டுக்கு எத்தனை தொடை என்று கேட்டால் விரல்விட்டு எண்ணுவார். ஆனால் லீட்ஸில் அவர் பஸ் ஏறினால் போதும், பாதி வண்டி அவரைச் சூழ்ந்துகொண்டு ஞாயிற்றுக்கிழமை விருந்துக்கு எந்தத் துண்டு வாங்கலாம் என்று கேட்கும். அவரும் கூசாமல் சொல்வார். அந்த ஞாயிறு ஊரில் பாதிப் பேருக்குத் தாடை வலிக்கும்.

இந்த வேஷத்துக்கு முன்னால் அவருடைய நடிப்பு வாழ்க்கை என்பது மூன்று போலீஸ்காரர்கள், ஒரு கப்பல் தளபதியின் முதுகு, பற்பசை விளம்பரத்தில் ஒரு பல்வலி. ஹெர்பர்ட் போய்விட்டால் இந்த ஐம்பத்தெட்டு வயதில் மறுபடி முதுகுதான் மிச்சம். அதற்கும் இளைய முதுகுகள் வரிசையில் நின்றன.

அப்போதுதான் லண்டனிலிருந்து புதுத் தயாரிப்பாளர் கைல்ஸ் வந்து சேர்ந்தார். வெல்வெட் கோட்டு, கழுத்தில் பட்டுத்துணி. தெருவில் கிழடுகள் அதிகம் என்று முதல் நாளே கண்டுபிடித்தார். முதல் மாதம் தபால்காரரை ஏணியிலிருந்து தள்ளினார். அடுத்த மாதம் தேவாலயப் பாடகர் குழு மொத்தத்தையும் பஸ்ஸோடு ஆற்றில் இறக்கினார். மூன்றாம் மாதம் ஹெர்பர்ட்டின் முறை. நிலக்கரி லாரி மோதி, அதுவும் கண்மறைவாக. ஒரு போலீஸ்காரர் வீட்டுக்கு வந்து மனைவி எல்லனிடம் சேதி சொல்வார், அவள் அழுவாள். அவ்வளவுதான் காட்சி. ஹெர்பர்ட்டுக்கு அதில் வேலையே இல்லை. செத்துப்போகிற சந்தோஷத்தைக்கூட ஸிரிலுக்குக் கொடுக்கவில்லை.

ஸிரில் கைல்ஸின் அறைக்குப் போய், வாழ்க்கையில் முதல்தடவையாக ஒரு தயாரிப்பாளரை 'சார்' என்று கூப்பிட்டார்.

"லாரி வரட்டும் சார், வேணாங்கல. ஒரு காலை எடுத்துக்கட்டும். ரெண்டையும் வேணும்னாலும் எடுத்துக்கட்டும். நாற்காலியில உக்காந்தே கறி வெட்டறேன்."

கைல்ஸ் பிஸ்கட் தட்டை நீட்டி, கலை இரக்கமற்றது என்றார். பிஸ்கட்டும் அப்படித்தான் இருந்தது.

அடுத்து எல்லனாக நடிக்கும் டோரீன் பிளாக்கெட்டிடம் போனார். திரையில் பதினோரு வருஷத் தாம்பத்தியம். கேன்டீனில் இருவரும் ஒரே மேஜையில் உட்கார்ந்ததில்லை. டோரீனின் உருக்கமான காட்சி ஒன்றில் ஸிரில் தும்மிப் பெயர் வாங்கிக்கொண்டார், அந்தப் பகை. இப்போது ஸிரில் கெஞ்சினார். போலீஸ்காரர் சொல்வதை எல்லன் நம்பக்கூடாது, செத்தது என் ஹெர்பர்ட் இல்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், பிழைத்துக்கொள்வேன் என்றார்.

டோரீன் கம்பளிப் பின்னலிலிருந்து தலையைத் தூக்கவில்லை. "நான் நம்பலன்னா அடுத்த வாரம் என்னையும் அதே லாரியில ஏத்திடுவான், கண்ணு."

அன்றைக்கு வீட்டில் படுக்கையில் புரண்டபடியே ஸிரிலுக்கு ஒரு வழி தோன்றியது. அந்த நாட்களில் தொடரை ஒரே ஓட்டமாகப் பதிவு செய்வார்கள். நாடாவை வெட்டி ஒட்டுவதென்றால் மேலிடம் வரை அனுமதி வேண்டும். வசனம் மறந்தால் எதிரே நிற்பவர் சமாளிக்க வேண்டும்; சுவர் சாய்ந்தால் தோள்கொடுத்தபடியே பேச வேண்டும். ஒருமுறை கொண்டையில் தீப்பிடித்தபோது கையிலிருந்த தேநீரைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு, மழை வருது போல என்று சொல்லிக் கதையைத் தொடர்ந்தவர் டோரீன். நிறுத்துகிறவன் நடிகனே இல்லை. அப்படியென்றால் சாவுச் சேதி சொல்லும்போதே ஹெர்பர்ட் உயிரோடு உள்ளே நுழைந்தால்? போலீஸ்காரர் ஆள் தெரியாமல் சொல்லிவிட்டதாகத் தொப்பியைக் கழற்றித்தான் ஆக வேண்டும்.

பதிவு நாளன்று கறைபட்ட ஏப்ரனைக் கட்டிக்கொண்டு, அட்டைச் சுவருக்குப் பின்னால் வியர்த்துக்கொண்டு நின்றார். "உங்க வீட்டுக்காரர் இறந்துட்டாரும்மா" என்று உள்ளே குரல் கேட்டதும் கதவைத் திறந்தார்.

"என்ன எல்லன், சாப்பாடு ஆச்சா?"

போலீஸ்காரராக வந்த இளைஞன் வாயைத் திறந்தவன் மூடவில்லை. டோரீன் மெல்லத் திரும்பினார். அவர் பார்வை ஸிரிலின் முகத்துக்கு வந்து, அதைத் துளைத்துக்கொண்டு பின்னாலிருந்த கடிகாரத்தில் போய் நின்றது.

"இந்நேரத்துக்குத்தான் வருவாரு," என்றார். "வந்ததும் சாப்பாடு ஆச்சான்னு கேப்பாரு. இப்பக்கூட காதுல கேக்குது."

ஸிரிலை ஆவியாக்கிவிட்டார். மேஜையில் தட்டு இருந்தது. அதைத் தட்டிவிட்டால் உடையும். ஆவி தட்டை உடைக்காது. உடைத்தால் உயிர் பிழைத்தார். கை தட்டுவரை போய்விட்டது. அப்போது டோரீனின் குரல் நடுங்கியது. தும்மலுக்கும் தீக்கும் நடுங்காத குரல். ஸிரிலின் மூளை 'உடை, உடை' என்று கத்தியது. உடம்போ முப்பது வருஷ நடிகனின் உடம்பு. காட்சிக்கு என்ன வேண்டும் என்று அதற்குத் தெரியும். பாவி, அது கையை இழுத்துக்கொண்டது.

டோரீனின் நாற்காலிக்குப் பின்னால் போய் நின்றார். அவர் தோளைத் தொடப்போய், தொடாமல் நிறுத்தினார். அடுக்களையை ஒருமுறை சுற்றிப் பார்த்தார். தாழ்ப்பாள் சத்தமில்லாமல் வெளியே போனார். தன் வாழ்நாளிலேயே அவர் நன்றாக நடித்தது அந்த ஒரு நிமிஷம்தான். கேமராக்காரர்கள் கண் கலங்கி, வழி தெரியாமல் ஒருவரையொருவர் மோதிக்கொண்டார்கள். காவலுக்கு நின்ற ஸ்டுடியோ தீயணைப்புக்காரர் ஹெல்மெட்டைக் கழற்றிக் கண்ணீரைப் பிடித்ததாக இன்றுவரை சொல்கிறார்கள்.

பதிவு முடிந்து டோரீன் சுவருக்குப் பின்னால் வந்தார். மூக்கு சிவந்திருந்தது.

"தட்டை ஏன்யா உடைக்கல?"

அதற்குள் கைல்ஸ் பட்டுத்துணியால் கண்ணைத் துடைத்தபடி படியிறங்கி ஓடிவந்தார். ஸிரிலின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார்.

"நன்றி, ஸிரில். நெஜமாவே நன்றி."

அடுத்த வாரம் வேலைக்கு வரப்போகிறவருக்கு யாரும் இப்படி நன்றி சொல்வதில்லை. ஸிரிலுக்கு அது தெரியும். தெரிந்தும் அந்தக் கைகளை அவர் விடவில்லை.

"ஆவி திரும்ப வரலாம் இல்ல சார்? கிறிஸ்துமஸுக்கு ஒருவாட்டி? பேசக்கூட வேணாம். ஜன்னலுக்கு வெளிய நின்னா போதும்."

கைல்ஸ் ஒரு கணம் முழித்தார். பிறகு தலையைப் பின்னால் சாய்த்துச் சிரித்தார். சிரித்தபடியே கேமராக்காரர்களைக் கூப்பிட்டு, நம்ம ஸிரில் என்ன கேட்டார் தெரியுமா என்று சொன்னார். அவர்களும் சிரித்தார்கள். ஸிரில் எல்லார் முகத்தையும் பார்த்தார். அப்புறம் அவரும் சிரிக்க ஆரம்பித்தார், மற்ற எல்லாரையும்விடச் சத்தமாக. டோரீன் மட்டும் சிரிக்கவில்லை.