சம்ப்பு பூதத்தின் பல்

கடிதத்தில் ஒரு வணக்கம்கூட இல்லை.

"உங்க படக்கதையைப் பார்த்துட்டு என் பொண்ணு ரெண்டு மாசமா கீழே இறங்கி விளையாடுறதில்லை. தூக்கிக்கிட்டுப் போய்த்தான் ஸ்கூல் வேன்ல ஏத்துறோம். குழந்தைங்களைப் பயமுறுத்தித்தான் நீங்க பேர் வாங்கணுமா?" என்று கோடு போட்ட நோட்டுத் தாளில் எழுதி, அடியில் ஏகாம்பரம், கோவில்பதாகை என்று போட்டு, செல் நம்பரும் கொடுத்திருந்தார். சிறுவர் இணைப்பின் ஆசிரியர் ஷோபனா அதைப் போட்டோ எடுத்து ஜீனத்துக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தாள். ஜீனத் அதை மூன்று முறை படித்தாள்.

கரையான்சாவடியில் மாடி வீட்டில் இருந்துகொண்டு, ஒரு நாளிதழின் ஞாயிறு இணைப்புக்கு வாரம் ஆறு கட்டம் வரைந்து அனுப்புவது அவள் வேலை. கதையின் பெயர் 'சம்ப்பு பூதம்'. அடுக்குமாடிக் கட்டடத்தின் தரைக்கு அடியில் இருக்கும் தண்ணீர்த் தொட்டிதான் பூதத்தின் வீடு. பாசி பிடித்த முடி, கைக்கு ஆறாகப் பன்னிரண்டு விரல். சம்ப் மூடியை லேசாக மேலே தூக்கி, பிள்ளைகளின் பந்தையும் ஒற்றைச் செருப்பையும் உள்ளே இழுத்துக்கொள்ளும். தண்ணீர் லாரி வந்தால் மட்டும் மூக்கைப் பிடித்துக்கொண்டு ஒரு மூலையில் ஒண்டிக்கொள்ளும்.

சிறு வயதில் ஜீனத்தும் பயந்தவள்தான். பீரோவுக்கும் சுவருக்கும் நடுவில் ஒரு கை அகலத்துக்கு இருந்த இடுக்கை அவள் ஓடித்தான் தாண்டுவாள். ஒன்பது வயதில் ஒருநாள், அதற்குள் இருப்பது எப்படி இருக்கும் என்று காலண்டர் தாளின் பின்பக்கம் வரைந்து பார்த்தாள். ஒரு காது மட்டும் பெரிதாகிப்போய்விட்டது. அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பயத்தை வரைந்துவிட்டால் அது சின்னதாகிவிடும் என்று அன்றிலிருந்து நம்பினாள். இப்போது தான் வரைந்ததைப் பார்த்து ஒரு பிள்ளை வீட்டுக்குள்ளேயே அடைந்து கிடக்கிறது என்றால் என்ன அர்த்தம்?

ஷோபனா போனில் பதற்றமாகப் பேசினாள். "இன்னும் ரெண்டு பேர் இப்படி எழுதினா மேல இருக்கறவங்க கேள்வி கேப்பாங்க ஜீனத். பேசாம பூதத்தை ஊரை விட்டே அனுப்பிடு. இல்லன்னா யாராவது புடிச்சு அடைச்ச மாதிரி முடிச்சிடு."

"ஒரு தடவை அந்தப் பொண்ணைப் பார்த்துட்டு வந்துடறேன். அப்பவும் அனுப்பணும்னா நானே அனுப்பிடறேன்" என்றாள் ஜீனத்.

சனிக்கிழமை காலை பஸ் பிடித்து ஆவடி போய், அங்கிருந்து ஷேர் ஆட்டோவில் கோவில்பதாகையில் இறங்கினாள். எட்டு வீடுகள் கொண்ட மூன்று மாடிக் கட்டடம். ஏகாம்பரம் முதல் மாடி. அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு கம்பெனியில் லேத் மிஷின் ஓட்டுகிறார். கதவைத் திறந்தவர் அவளை மேலும் கீழும் பார்த்தார்.

"நீங்கதான் வரையிறதா? யாரோ வயசான ஆள்னு நெனச்சுகினு இருந்தேன்."

"உங்க லெட்டர் வந்துச்சு அண்ணா. பாப்பாவைப் பார்த்துட்டுப் போலாம்னு வந்தேன்."

இவ்வளவு தூரம் ஒருத்தி கிளம்பி வருவாள் என்று அவர் எதிர்பார்க்கவில்லை. "உள்ள வாம்மா. ஏதோ கோவத்துல எழுதிட்டேன்" என்று நாற்காலியில் கிடந்த துணிகளை அள்ளி அப்புறப்படுத்தினார். அவர் மனைவி ராஜகுமாரி டீ கொண்டுவந்தாள். ரோஷினி படுக்கையறைத் திரைக்குப் பின்னால் நின்றிருந்தாள். ஏழு வயது. திரைக்குக் கீழே இரண்டு பாதங்கள் மட்டும் தெரிந்தன.

ஜீனத் யாரையும் கூப்பிடவில்லை. தரையில் உட்கார்ந்து பையிலிருந்து தாளையும் ஸ்கெட்ச் பேனாக்களையும் எடுத்து, பூதத்தை வரைய ஆரம்பித்தாள். முடி, மூக்கு, கை. பாதங்கள் மெல்லக் கிட்டே வந்தன.

"விரல் பன்னெண்டு. நீங்க பதினொண்ணுதான் போட்டுகிறீங்க."

"அட, ஆமா!" ஜீனத் இன்னொரு விரலைச் சேர்த்தாள். "இதைப் பார்த்துதான் பயமா உனக்கு?"

ரோஷினி தலையாட்டினாள். பயம் என்கிறாளா, இல்லை என்கிறாளா என்று புரியவில்லை. "எங்க ஊட்டுது இப்படி இருக்காது" என்றாள்.

"எப்படி இருக்கும்? நீயே வரையேன்."

ரோஷினி பிரவுன் பேனாவைத் தேடி எடுத்தாள். ஒரு பெரிய சதுரம் போட்டாள். அதன் ஒரு பக்கத்தில் மட்டும் கோணல்மாணலாகக் கூர்கூரான பற்கள். அவ்வளவுதான். பேனாவை மூடி வைத்துவிட்டாள்.

"உடம்பு எங்க கண்ணு?"

"உடம்பு தெரியாது. வாய்தான் தெரியும்."

"அது என்ன பண்ணும்?"

"நான் மேல நின்னா டக்குனு கீழ போவும். மறுபடி மேல வரும்." கையைத் தட்டையாக வைத்து ஒரு பக்கம் சாய்த்துக் காட்டினாள். "காலாண்டு லீவுல நொண்டி ஆடினப்போ பண்ணுச்சு. ரெண்டு தடவ."

ஜீனத் அந்தச் சின்னக் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுடைய பூதத்துக்குப் பல்லே கிடையாது. அது மூடியை எப்போதும் மேலேதான் தூக்கும். இந்தப் பிள்ளையின் மூடி கீழே போகிறது.

"அண்ணா, உங்க சம்ப்பு எங்க இருக்கு?"

"கீழ, பார்க்கிங்ல கீது. இன்னாத்துக்கு?"

"ஒருவாட்டி பார்க்கணும்."

எல்லோரும் இறங்கினார்கள். ரோஷினி கடைசிப் படிக்கட்டோடு நின்று கைப்பிடிக் கம்பியைக் கட்டிக்கொண்டாள். பார்க்கிங்கின் நடுவில், கேட்டுக்குப் போகும் வழியிலேயே ஒரு பழைய தேங்காய் நார் மேட் விரித்திருந்தது. அதைக் காட்டினாள்.

ஏகாம்பரம் அந்த மிதியடியைப் புரட்டினார். அடியில் இரும்பு மூடி. பச்சை பெயின்ட் அடித்திருந்ததால் பார்க்க நன்றாகத்தான் இருந்தது. ஆனால் கீல் இருந்த பக்கம் முழுக்கத் துரு அரித்து, ஓரம் ரம்பம் மாதிரிப் பல் பல்லாக நின்றது. அவர் காலை வைத்து அழுத்தப் போனார்.

"கால வெக்காத!" என்று ராஜகுமாரி கத்தினாள். ஓடிப்போய் ஒட்டடைக் கம்பை எடுத்துவந்து கொடுத்தாள்.

கம்பால் ஓங்கிக்கூடக் குத்தவில்லை. லேசாக ஊன்றியதும் மூடி ஒரு பக்கம் சரிந்தது. உள்ளங்கை அளவு தகடு பிய்ந்து உள்ளே விழுந்தது. தண்ணீரில் அது விழுந்த சத்தம் பார்க்கிங் முழுக்கக் கேட்டது. காலையில்தான் லாரி வந்து கேட்டோரக் குழாய் வழியாக ஊற்றிவிட்டுப் போயிருந்தது. தொட்டி நிறையத் தண்ணீர்.

 படிக்கட்டிலிருந்து ரோஷினியின் குரல் வந்தது.

"நான்தான் சொன்னேன்ல."

ராஜகுமாரி அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். "லீவுலயே சொன்னா. மூடி ஆடுதும்மான்னு வந்து சொன்னா. நான் அடுப்புல வேலையா இருந்தேன். உள்ள பூதம் கீது, கிட்டப் போவாதன்னு சொல்லிட்டேன். அவ்ளோதான். எழுந்து வந்து பார்க்கல. பேப்பர்ல அந்தப் படமும் வருதா, அதையே காட்டிக் காட்டி..." முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

ஏகாம்பரம் கம்பைப் பிடித்தபடி நின்றார். ஜீனத்தின் முகத்தைப் பார்க்க அவருக்குக் கூச்சமாக இருந்தது. ஜீனத்துக்கும் நிம்மதி வரவில்லை. மூன்று வருடமாக வாரம் தவறாமல் சம்ப் மூடி வரைகிறாள். ஒரு நாளாவது குனிந்து ஒரு நிஜ மூடியைப் பார்த்திருக்கிறாளா? தன் வீட்டு மூடி எப்படி இருக்கிறது என்றுகூட அவளுக்குத் தெரியாது.

சத்தம் கேட்டு அசோசியேஷன் செயலாளர் கன்னியப்பன் லுங்கியை மடித்துக் கட்டியபடி வந்தார். எட்டிப் பார்த்தார். "அடடா. சரி, அடுத்த ஞாயித்துக்கிழமை மீட்டிங் இருக்குல்ல, அதுல வெச்சுப் பேசிடலாம் ஏகாம்பரம்."

"மீட்டிங்கா? இன்னா சார் பேசுற நீ? நான் கால வெச்சிருந்தா இந்நேரம் உள்ள கீறேன். ஆறு கொழந்தைங்க டெய்லி இங்கதான் ஆடுது." கம்பை அவர் கையில் திணித்தார். "நீயே குத்திப் பாரு."

கன்னியப்பன் ஒரே ஒரு முறை குத்திப் பார்த்தார். இன்னொரு துண்டு விழுந்தது. கம்பைச் சுவரில் சாய்த்துவிட்டு, அவரே பாக்கெட்டிலிருந்து போனை எடுத்து வெல்டிங் பட்டறைக்குப் பேசினார்.

சுற்றி நான்கு பைக்குகளை நிறுத்தி வழியை அடைத்தார்கள். பட்டறைக்கார அய்யாசாமி வந்து அளவெடுத்துக்கொண்டு போனார். கிளம்பிய ஜீனத்தை ராஜகுமாரி விடவில்லை. உட்கார வைத்து முருங்கைக்கீரைப் பொரியலும் சாம்பாரும் போட்டாள். சாப்பிட்டு முடித்து ரோஷினியும் அவளும் நான்கு தாள் நிறைய விதவிதமான மூடிகள் வரைந்தார்கள். நான்கு மணிக்குப் புது மூடி வந்தது. தடித்த தகடு, புதுச் சட்டம், பூட்டு மாட்டக் கொண்டி. பொருத்தி முடித்ததும் அய்யாசாமி அதன் மேல் ஏறி நின்று குதித்துக் காட்டினார்.

"அப்பா, நீ நில்லு" என்றாள் ரோஷினி, படிக்கட்டில் இருந்தபடி.

ஏகாம்பரம் நின்றார். அம்மாவை நிற்கச் சொன்னாள். அப்புறம் ஜீனத் ஆன்ட்டியை. கன்னியப்பனையும் விடவில்லை. அவரும் லுங்கியை இறக்கிவிட்டுக்கொண்டு ஏறி நின்றார்.

"இப்ப நீ வா. இன்னா பய..." என்று ஆரம்பித்த ஏகாம்பரம் பாதியில் நிறுத்திக்கொண்டார். "சரி, வேணாம். உனக்கு எப்போ தோணுதோ அப்போ வா." அன்றைக்கு அவளுக்குத் தோன்றவில்லை. அப்பாவின் இடுப்பில் இருந்தபடிதான் கேட் வரைக்கும் வந்து ஜீனத்தை வழியனுப்பினாள்.

"அந்தப் பூதத்தை நிறுத்திடுவீங்களா மேடம்?" என்று கேட்டார் ஏகாம்பரம்.

"ரோஷினி சொல்லட்டும். அனுப்பிடலாமா?"

அப்பாவின் தோளில் தாடையை வைத்துக்கொண்டு ரோஷினி கொஞ்சம் யோசித்தாள். "வேணாம். அது இன்னா பண்ணுச்சு, பாவம். மூடிதானே ஒடஞ்சு போச்சு."

அடுத்த கதையை ஜீனத் ஒரே மூச்சில் வரைந்தாள். பூதம் தூங்கிக்கொண்டிருக்கிறது. தலையில் துருத் துண்டு விழுகிறது. பதறி எழுந்து வாட்ச்மேனைக் கூப்பிடுகிறது, அவருக்குக் கேட்கவில்லை. செயலாளரைக் கூப்பிடுகிறது, அவர் போனில் இருக்கிறார். ஒரு சிறுமிக்கு மட்டும் கேட்கிறது. அவள் போய்ச் சொல்கிறாள், யாரும் நம்பவில்லை. கடைசிக் கட்டத்தில் அவள் விடாமல் அப்பாவின் சட்டையைப் பிடித்து இழுத்து வர, எல்லோரும் மூடியைச் சுற்றிக் குனிந்து நிற்கிறார்கள்.

"இதுதான் ஜீனத் எனக்கு ரொம்பப் பயமா இருக்கு" என்றாள் ஷோபனா.

"இருக்கட்டும். இதுக்குப் பயப்படணும்."

ஷோபனா இன்னொரு முறை கட்டம் கட்டமாகப் பார்த்தாள். பிறகு அதை இணைப்பில் போட்டுவிட்டாள்.

வந்த கடிதங்களில் இரண்டு திட்டித்தான் இருந்தன. வானகரத்தில் நான்காம் வகுப்புப் படிக்கும் முகமது ஆசிக் என்ற பையன், தெருவில் பதினேழு வீட்டு மூடிகளைக் கம்பால் தட்டிப் பார்த்து, எது ஆடுகிறது என்று பட்டியல் அனுப்பியிருந்தான். ஒரு அம்மா, தங்கள் கட்டடத்தில் மூடிக்குப் பதிலாக ஒரு பிளைவுட் பலகைதான் கிடந்தது, மாற்றிவிட்டோம் என்று எழுதியிருந்தாள். ஜீனத் தன் வீட்டு ஓனரிடமும் போய் நின்றாள். அங்கே மூடி நன்றாகத்தான் இருந்தது. பூட்டு மட்டும் இல்லை. மறுநாள் அதையும் வாங்கிப் போட்டார்கள்.

பொங்கல் லீவு முடிந்து பள்ளி திறந்த வாரம், காலை எட்டு மணிக்கு ஏகாம்பரம் போன் செய்தார். குரலைத் தாழ்த்திப் பேசினார்.

"இன்னிக்கு எழுந்திருக்கவே லேட்டும்மா. வேன்காரன் வந்து ஹார்ன் அடிச்சுகினே இருக்கான். ஒரு ஷூ கால்ல, ஒரு ஷூ கைல. நான் தூக்கறதுக்குள்ள ஓடிட்டா. நேரா அந்த மூடி மேலயே. டங்கு டங்குனு ரெண்டு அடி. திரும்பிக்கூடப் பாக்கல, ஏறிப் போயிட்டா."

"அவளுக்குத் தெரியுமா?"

"தெரியாதுன்னுதான் நெனைக்கிறேன். சாயங்காலம் வந்தா சொல்லலாமா? அதைக் கேக்கத்தான் போன் பண்ணேன்."

"வேணாம் அண்ணா" என்றாள் ஜீனத். "நீங்க பாட்டுக்கு விட்டுடுங்க."

"அதான். நானும் அதான் நெனச்சேன்" என்றார் அவர். ஆனாலும் போனை வைக்க மனம் வராமல், அந்த இரண்டு அடியை இன்னொரு முறை முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தார்.