எர்வே வந்தால் ஆலை மூடும்

ஆவணப்பட இயக்குநர் எர்வே காமிராவைத் தூக்கிக்கொண்டு எந்த ஆலைக்குப் போனாலும் அந்த ஆலை மூடிவிடும். பாரிஸில் ஒரு விருது விழாவில் அவரே இதை வேடிக்கையாகச் சொல்லித் தொலைத்தார். வாய் சும்மா இருந்தால்தானே! அங்கே எல்லோரும் சிரித்தார்கள். பிரான்சின் வடக்கே ஆலைத் தொழிலாளர்கள் அதை மனதில் போட்டுக்கொண்டார்கள்.

பொய்யுமில்லை. கப்பல் தளம், நூற்பாலை, கண்ணாடி ஆலை என்று நாற்பது வருடமாக உழைப்பவன் பக்கம் நின்றுதான் படமெடுத்தார். படம் திரைக்கு வரும்போது ஆலை இருக்காது. விமர்சகர்கள் நெஞ்சு பதறியதாக எழுதுவார்கள். இவர் மேடையேறி, நடுங்கும் குரலில், பரிசை வாங்கிக்கொள்வார். குரல் நடுங்குவதில் அவருக்கு நல்ல பழக்கம்.

இப்போது அதே வடக்கில், லான்ஸ் ஊருக்குப் பக்கத்து மெத்தை ஆலையில் வேலைநிறுத்தம். உள்ளே படமெடுக்கத் தொழிலாளர் கூட்டம் கைதூக்கிச் சம்மதிக்க வேண்டும். மறுத்தால் இந்தப் படம் இல்லை; இந்த வயதில் இன்னொரு படத்துக்கு யாரும் கூப்பிடவும் மாட்டார்கள். காமிரா இல்லாவிட்டால் தான் வெறும் முட்டிவலிக்காரக் கிழவன் என்று எர்வேக்குத் தெரியும். பயமாகத்தான் இருந்தது.

வாசலில் டயர் எரிந்தது. சங்கத் தலைவி ஒடில் அடுப்பில் சாசேஜைப் புரட்டிக்கொண்டே வரவேற்றாள்.

"வாங்க தோழரே! சவப்பெட்டி கொண்டாந்தீங்களா, இல்ல காமிரா மட்டுந்தானா?"

எல்லோரும் சிரித்தார்கள். எர்வேயும் சிரித்துவைத்தார். பிறகு தன் தரப்பை உருக்கமாக எடுத்துச் சொன்னார். குரலும் சொன்னபடி கேட்டு நடுங்கியது.

கூட்டத்திலிருந்து ஃபைசால் என்ற இளம் தொழிலாளி எழுந்தான்.

"கண்ணாடி ஆலைப் படத்துல ஒருத்தர் அழுவாரே, அவரு எங்க அப்பா."

"அய்யோ, என்ன அருமையான காட்சி அது!" என்றார் எர்வே. சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டார்.

"அருமைதான். முதலாளி அழுது ஒரு காட்சியாவது எடுத்திருக்கீங்களா?"

எர்வே தன் படங்களையெல்லாம் மனதுக்குள் ஓட்டிப் பார்த்தார். ஒரு முதலாளியின் முதுகுகூட இல்லை. அவர்கள் வீட்டு வாசலுக்கு அவர் போனதே இல்லை. தொழிலாளர்கள்தான் கேட்டதும் கதவைத் திறந்தார்கள். வெட்கமாகப் போய்விட்டது.

ஒடில் கைதூக்கச் சொன்னாள். அவருக்காக ஒரு கையும் எழவில்லை. எர்வே காமிராப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு திரும்பினார்.

"நில்லுங்க, எங்க ஓடுறீங்க?" என்றாள் ஒடில். "நாளைக்கு பாரிஸ் தலைமை ஆபீஸ்ல பெரிய தலைங்க கூடுது. எங்க கதைய அங்கதான் முடிக்கப் போறானுங்க. உங்க ராசிய அங்க போய்க் காட்டுங்க. சாப்டுட்டுப் போங்க."

மறுநாள் தலைமை அலுவலக வாசலில் எர்வே காமிராவைத் தூக்கியதுதான் தாமதம். காவலாளி ஓடிவந்து லென்ஸைக் கையால் மூடினான். இன்னொருவன் அவரைத் தெருவுக்குத் தள்ளினான். கார்களிலிருந்து இறங்கியவர்கள் கோப்புகளால் முகத்தை மறைத்துக்கொண்டு ஓடினார்கள்.

எர்வே மூச்சிரைக்க ஒடிலைப் போனில் கூப்பிட்டார்.

"ஒடில், என்னைப் பிடிச்சுத் தள்ளிட்டாங்க! லென்ஸ மூடிட்டாங்க!"

"இதுக்கு முன்னாடி யாராச்சும் மூடியிருக்காங்களா?"

"இல்ல."

"அப்போ இப்பதான் சரியான வாசலுக்குப் போயிருக்கீங்க. அங்கயே நில்லுங்க தோழரே."

எர்வே முட்டியைத் தேய்த்துவிட்டுக்கொண்டு மறுபடி காமிராவைத் தூக்கினார்.