கை போகும் இடம்

கடைக்கு விடுமுறை. அடுப்பில் முட்டை வெந்துகொண்டிருந்தது. குளியலறைக் கதவு திறக்கிற சத்தம் கேட்டுத் திரும்பிய மாஸ்டர், கையிலிருந்த கரண்டியை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றார். இடுப்பு வரை இருந்த மகளின் முடி கழுத்துக்கு வந்திருந்தது. அதுவும் ஒரே கோட்டில் இல்லை. இடப்பக்கம் காது மடலைத் தொட்டது, வலப்பக்கம் தோளில் இடித்தது, பின்னால் கத்தரி வழுக்கிய இடத்தில் படிக்கட்டு மாதிரி ஒரு வெட்டு. தலையில் தொப்பி. துணிக்கடைகளில் குவியலாகப் போட்டிருப்பார்களே, அந்த மாதிரி சாம்பல் நிறத் தொப்பி.

அந்தத் தெருவில் எல்லோருக்கும் அவர் மாஸ்டர்தான். சொந்த சலூன், ஒற்றை நாற்காலி, வாசலில் காத்திருக்க ஒரு பெஞ்சு. எத்தனையோ தலைகளைப் பார்த்தவர். சொந்த மகளின் தலையைப் பார்த்ததும் அவருக்குச் சிரிப்புதான் வந்தது.

"என்னம்மா இது, எலி கடிச்சு வெச்ச மாதிரி?"

அவள் தொப்பியை இன்னும் கீழே இழுத்துவிட்டுக்கொண்டாள்.

"சலூன்காரன் பொண்ணு இப்படி வெளிய போனா என் கடைக்கு எவன் வருவான்? வா, உக்காரு. ரெண்டே நிமிஷம், சரி பண்ணி விடறேன்." சொல்லிக்கொண்டே தொப்பியை எடுக்கக் கையை நீட்டினார். நெருப்பு பட்டதுபோல் அவள் பின்வாங்கிய வேகத்தில் தோள் சுவரில் மோதியது.

"தொடாதீங்கப்பா!"

அறைக் கதவு சாத்திக்கொண்டது. முட்டைப் பாத்திரத்தில் தண்ணீர் வற்றி அடிப்பிடிக்கும் வாசனை வந்த பிறகுதான் அவர் நகர்ந்தார்.

சிறு வயதில் அவளுக்கு முடி வெட்டியது அவர்தான். நாற்காலியின் இரண்டு கைகளுக்கும் குறுக்கே பலகை போட்டு உட்கார வைப்பார். கத்தரிச் சத்தத்துக்குத் தலையாட்டிக்கொண்டே, பள்ளியில் யார் யாரோடு சண்டை, யார் யாரோடு ராசி என்று ஒன்று விடாமல் ஒப்பிப்பாள். பெஞ்சில் இருப்பவர்கள் அந்தக் கதையைக் கேட்பதற்காகவே தங்கள் முறையை விட்டுக்கொடுத்ததுண்டு. பிறகு எப்போதோ வருவதை நிறுத்திவிட்டாள். அந்தச் சமயத்தில்தான் அவள் அம்மா வெளிநாட்டு மருத்துவமனை ஒன்றில் நர்ஸ் வேலை கிடைத்துப் புறப்பட்டாள். வீட்டில் ஒரு ஆள் குறைந்ததில் எது எதனால் மாறியது என்று பிரித்துப் பார்க்க அவருக்குத் தெரியவில்லை. பெண் பிள்ளை வளர்ந்துவிட்டது, அப்பாவிடம் தலையைக் கொடுக்கக் கூச்சப்படுகிறது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். அப்படி விலகி நின்றதை மரியாதை என்றுதான் நினைத்திருந்தார். அதில் அவருக்கும் கொஞ்சம் நிம்மதி இருந்தது. வளரும் பெண்ணிடம் என்ன பேசுவது என்று தெரியாதவனுக்கு மூடிய கதவு ஒருவகையில் வசதிதான்.

கடையில் நிலைமை வேறு. நாற்காலியில் உட்கார்ந்து துணியைப் போர்த்திவிட்டால் போதும், அவனவன் மனதைத் திறந்து கொட்டிவிடுவான். மாமியார் சண்டை, மேலாளரின் குணம், மருத்துவர் சொன்னது, மனைவியிடம் சொல்லாதது எல்லாம் கத்தரிச் சத்தத்தோடு வந்து விழும். மாஸ்டர் "ம்" கொட்டுவார். அந்த "ம்" ஒன்றிலேயே பாதிப் பேருக்குப் பாரம் இறங்கிவிடும். வீட்டுக்கு வந்து "இன்னிக்கு ஸ்கூல் எப்படிம்மா இருந்தது?" என்று கேட்டால் "ஒண்ணுமில்ல" என்று பதில் வரும். கேட்டது எப்படி இருந்தது என்று, வந்தது ஒன்றுமில்லை என்று. அந்தப் பொருத்தமில்லாத பதிலோடு அவர் தனியாகச் சாப்பிடுவார்.

மகள் முடி வெட்டிக்கொண்ட அந்த வாரத்தில் ஒரு நாள் பள்ளியிலிருந்து தொலைபேசி வந்தது. அப்போது ஒருவருக்குப் பாதி முகம் சவரம் முடிந்திருந்தது. வகுப்பாசிரியை பேசினார். வகுப்பில் தொப்பி போடக்கூடாது என்று பல தடவை சொல்லியாகிவிட்டதாம். இன்று கழற்றியே ஆக வேண்டும் என்றதும் பையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாளாம்.

"போயிட்டாளா? எங்க?"

"அதைத்தான் சார் உங்ககிட்ட கேக்கறோம்."

மாஸ்டர் தொலைபேசியை வைத்துவிட்டு மறுபாதி முகத்தையும் மழிக்கத் தொடங்கினார். கை பழக்கத்தில் ஓடியது. நாற்காலியில் இருந்தவர் கண்ணாடி வழியாக அவரையே பார்த்துவிட்டு, "மாஸ்டர், நீங்க கெளம்புங்க. மீதிய நான் வீட்ல பாத்துக்கறேன்" என்று நுரையோடு எழுந்துவிட்டார். எப்படி நன்றி சொன்னார், ஷட்டரை முழுக்க இறக்கினாரா என்பதெல்லாம் பிறகு யோசித்தும் மாஸ்டருக்கு நினைவுக்கு வரவில்லை.

வீட்டு வாசலில் அவளுடைய செருப்பு கிடந்தது. அதைப் பார்த்த பிறகுதான் மூச்சே வந்தது. கூடவே கோபமும் வந்தது. கேட்க வேண்டியதையெல்லாம் வாய்க்குள் அடுக்கிக்கொண்டே உள்ளே போனார்.

அறைக் கதவு லேசாகத் திறந்திருந்தது. அவள் கதவுக்கு முதுகைக் காட்டி மேசையில் குனிந்து உட்கார்ந்திருந்தாள். காதில் பாட்டு. இந்த நேரத்தில் அப்பா வருவார் என்று அவள் எதிர்பார்க்கவில்லை. தொப்பி கட்டிலில் கிடந்தது.

உச்சந்தலையில் உள்ளங்கை அகலத்துக்கு முடி இல்லை.

முதலில் அவருக்குப் புழுவெட்டு என்றுதான் தோன்றியது. அப்படிப்பட்ட தலைகள் கடைக்கு வருவதுண்டு. அங்கே தோல் மொழுமொழுவென்று இருக்கும், ஓரம் வட்டமாக, காசு வைத்து வரைந்த மாதிரி இருக்கும். இது அப்படி இல்லை. குட்டையும் நெட்டையுமாக முறிந்த முடிகள். சில இப்போதுதான் முளைக்கின்றன, சில பாதியில் அறுந்திருக்கின்றன. நடுநடுவே சிவந்த புள்ளிகள். தானாக உதிர்ந்த தலை இல்லை இது என்று அவருக்குப் புரிவதற்குள் அவளுடைய இடது கை மேலே எழுந்தது. யாரும் சொல்லாமலே வழி தெரிந்த கை. விரல்கள் துழாவின, ஒரு முடியைத் தேர்ந்தெடுத்தன, சுற்றிக்கொண்டன, சுண்டி இழுத்தன. பிடுங்கிய முடியின் வேர்ப்பக்கத்தை உதட்டில் மெதுவாகத் தடவிக்கொண்டு அவள் புத்தகத்தின் பக்கத்தைத் திருப்பினாள். கை மறுபடி மேலே போனது.

சத்தம் போடாமல் வெளியே போயிருக்கலாம். அவர் போகவில்லை. இரண்டே எட்டில் உள்ளே பாய்ந்து அவளுடைய மணிக்கட்டைப் பிடித்தார்.

"என்னடி பண்ற? என்ன பண்றேன்னு தெரிஞ்சுதான் பண்றியா?"

அவள் அலறியதில் அவருக்கே தூக்கிவாரிப் போட்டது. கையை உதறிக்கொண்டு தொப்பியைப் பாய்ந்து எடுத்துத் தலையில் அழுத்தினாள். அழுகை வந்தது, ஆனால் அதைவிட வேகமாகப் பேச்சு வந்தது.

"தெரியும்! எனக்குத் தெரியாதுன்னு நெனச்சீங்களா? நிறுத்தணும்னு தினமும்தான் நெனைக்கறேன். முடியலப்பா. கை அதுவா போகுது."

"எப்பலேர்ந்து?"

"ரொம்ப நாளா."

"அம்மா போனதுலேர்ந்தா?"

"இல்ல. அதுக்கு முன்னாடியே. பழிய அம்மா மேல போடாதீங்க."

அவர் எதிர்பார்த்தது ஒரு காரணம். கையில் கொடுத்தால் பிடித்துக்கொள்ளலாம், யாரையாவது திட்டலாம், எதையாவது மாற்றலாம். அவளிடம் அது இல்லை. படிக்கும்போது வருமாம், தூக்கம் வராதபோது வருமாம், சில சமயம் சும்மா இருக்கும்போதே வருமாம். "இழுத்தவுடனே கொஞ்ச நேரம் எல்லாம் அமைதியாயிடும். அப்புறம் கீழ கெடக்கற முடிய பாத்தா என்னை எனக்கே பிடிக்காது." இத்தனை நாளும் நீள முடியை வாரிக் கட்டி அந்த இடத்தை மறைத்து வந்தாளாம்; நீளமாக இருந்தால் விரலில் சிக்குகிறது, குட்டையாக வெட்டிவிட்டால் சிக்காது என்று நினைத்துத்தான் அன்றைக்குக் குளியலறையில் கத்தரியை எடுத்தாளாம்.

"என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேம்மா."

அவள் அவரை நேராகப் பார்த்தாள். ரொம்ப நாளைக்குப் பிறகு.

"மத்த பிள்ளைங்க அப்பாவா இருந்தா தெரியாது. நீங்க பாத்தவுடனே கண்டுபிடிச்சிடுவீங்க. அதனாலதான் கடைக்கே வரல."

மாஸ்டர் கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்தார். ஊரார் தலையெல்லாம் அவர் கைக்குள் இருந்த இத்தனை நாளும், பக்கத்து அறையில் ஒரு குழந்தை அவருடைய கண்ணுக்குப் பயந்தே ஒளிந்து வாழ்ந்திருக்கிறது. அவளுக்கு ஏதாவது சொல்ல வேண்டும் என்று தேடினார். "ம்" என்றுகூட வரவில்லை.

"அம்மாகிட்ட சொல்லிடாதீங்க" என்றாள்.

அடுத்து வந்த நாட்களில் தனக்குத் தெரிந்த வைத்தியத்தையெல்லாம் அவர் செய்து பார்த்தார். எண்ணெய் வாங்கி வந்தார். படிக்கும்போது போட்டுக்கொள்ளக் கையுறை வாங்கி வந்தார். அழுத்தி விளையாட ரப்பர் பந்து வாங்கி வந்தார். அவள் ஒவ்வொன்றையும் மறுக்காமல் வாங்கி மேசையில் வைத்தாள். அதைவிட மோசம், அவருடைய கண் அவளுடைய கையை விட்டு நகரவில்லை. சாப்பிடும்போது, தொலைக்காட்சி பார்க்கும்போது, அவள் பேனாவை எடுக்கக் கை தூக்கினால்கூட இவர் உடம்பு நிமிரும். ஒரு மாலை அவள் தட்டை நகர்த்திவிட்டு எழுந்தாள்.

"என் கையையே பாக்காதீங்கப்பா. நீங்க பாத்தா இன்னும் அதிகமா வருது."

அதன் பிறகுதான் அவர் கேட்டார். உத்தரவாக இல்லை, கேள்வியாகவே. "ஒரு டாக்டரைப் பாக்கலாமா? வேண்டாம்னா இப்ப வேண்டாம்." அவள் நகத்தைப் பார்த்துக்கொண்டே யோசித்தாள். "லேடி டாக்டர்னா சரி."

மனநல மருத்துவர் மகளை மட்டும் உள்ளே அழைத்துக் கதவைச் சாத்திக்கொண்டார். மாஸ்டர் வெளியே நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். உள்ளே பேச்சுச் சத்தம் கேட்டது, வார்த்தை கேட்கவில்லை. ஒரு இடத்தில் மகள் சிரித்த மாதிரி இருந்தது. யாரோ முன்பின் தெரியாத ஒருத்தியிடம் அவள் சிரிக்கிறாள் என்பது சந்தோஷமாக இருந்தது. வலிக்கவும் செய்தது. எதிரே உட்கார்ந்திருந்த ஒரு அம்மா, மடியில் பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு இன்னொரு மூடிய கதவைப் பார்த்துக்கொண்டிருந்தார். இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்து லேசாகத் தலையாட்டிக்கொண்டார்கள்.

பிறகு மருத்துவர் அவரைக் கூப்பிட்டார். இது கெட்ட பழக்கமோ பிடிவாதமோ இல்லை, பல பேருக்கு இந்த வயதில் ஆரம்பிக்கும், நாளாகும், குறைந்து திரும்ப வரவும் செய்யும் என்றார்.

"நான் என்னதாங்க பண்றது, டாக்டர்?"

"காவல் காக்காதீங்க. வீட்ல அவளுக்கு அப்பாவா இருங்க, போதும்."

திரும்பும் வழியெல்லாம் மாஸ்டர் அதையே யோசித்துக்கொண்டு வந்தார். கத்தரியோ சீப்போ இல்லாமல் ஒரு தலைக்கு முன்னால் அவர் நின்றதே இல்லை. சும்மா அப்பாவாக இருப்பதென்றால் கையில் எதை வைத்துக்கொள்வது? பேருந்தில் அவள் ஜன்னலோரம் உட்கார்ந்தாள், அவர் பக்கத்தில். நடுவழியில் அவளுடைய கை தொப்பியின் விளிம்புக்குள் நுழைவது ஓரக்கண்ணில் தெரிந்தது. மாஸ்டர் எதிர்ப்பக்க ஜன்னலில் ஓடுகிற கடைகளின் பெயர்ப் பலகைகளை ஒவ்வொன்றாகப் படிக்க ஆரம்பித்தார். இறங்கும் வரை படித்தார்.

மனைவி வீடியோவில் கூப்பிடுவது கடை விடுமுறையன்று மதியத்தில். முன்பெல்லாம் மகள் முகத்தை மட்டும் காட்டி, "இங்க லைட் சரியில்லம்மா" என்று சீக்கிரம் முடித்துக்கொள்வாள். தொப்பி என்ன என்று கேட்டபோது ஃபேஷன் என்றாள். "என்னங்க, இவ சரியா இருக்காளா? முகமே வாடியிருக்கே" என்று மனைவி கேட்கும்போதெல்லாம் மாஸ்டர் கடைக் கதை எதையாவது சொல்லிப் பேச்சை மாற்றுவார். அத்தனை தூரத்தில் யார் யாருடைய நோயையோ பார்த்துக்கொண்டிருப்பவளிடம் எதைச் சொல்வது, எதை மறைப்பது? மருத்துவரைப் பார்த்து வந்த அந்த வாரம், அழைப்பு வருவதற்கு முன்பே அவர் மகளின் கதவைத் தட்டினார். திறக்கும் வரை நின்றார்.

"அம்மாகிட்ட நான் பொய் சொல்ல மாட்டேன். ஆனா உன்னை முந்திக்கிட்டு நானா சொல்லவும் மாட்டேன். சொல்றதும் சொல்லாததும் உன் இஷ்டம்."

"அம்மா அழுவாங்க."

"அழலாம். அவ அழுதா அது அவ அழுகை. அதுக்கு நீ என்ன பண்ணுவ?"

கூடத்தில் தொலைபேசி ஒலித்தது. அவர் எடுத்து வந்து நீட்டினார். திரையில் மனைவியின் பெயர் மின்னிக்கொண்டிருந்தது. மகள் அதை வாங்காமல் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே நின்றாள். பிறகு வாங்கினாள்.

"நீங்க கொஞ்சம் வெளிய இருக்கீங்களா?"

"ம்."

கதவு சாத்தப்பட்டது, ஆனால் முழுவதும் சாத்தவில்லை. மாஸ்டர் சமையலறைக்குப் போனார். "கண்ணு, சாப்டியா? அங்க வெயில் எப்படி…" என்று மனைவியின் குரல் வழக்கம்போல் ஆரம்பித்தது. கட்டிலில் ஏதோ மெத்தென்று விழுந்தது, தொப்பியாகத்தான் இருக்கும். மனைவியின் குரல் பாதி வார்த்தையில் நின்றது.

அவருடைய கால் தானாக அறைப்பக்கம் திரும்பியது. அதை நிறுத்திக்கொண்டு குழாயைத் திறந்துவிட்டார். தொட்டியில் ஒரே ஒரு கோப்பை இருந்தது. அதைக் கழுவினார். சுத்தமாகிவிட்ட பிறகும் குழாய்க்குக் கீழேயே பிடித்துக்கொண்டு நின்றார். தண்ணீர் கோப்பையை நிறைத்து, விளிம்பைத் தாண்டி, அவருடைய விரல்களின் மேல் வழிந்துகொண்டே இருந்தது.